கொத்துக் கல்லும் எடிட்டிங் மேசையும்: படத்தொகுப்பாளர் தொழில் எப்படி இயங்குகிறது?

கண்டி மஹய்யாவயில் பொழுது சாய்ந்ததும் சாப்பாட்டுக் கடைகளில் கொத்து போடும் சத்தம் தொடங்கிவிடும். சூடேறிய இரும்புக் கல்லின் மீது இரண்டு தகடுகள் மாறி மாறி விழும் சத்தம் அது. கல்லுக்குப் பின்னால் நிற்கும் அண்ணனைக் கொஞ்சம் கவனியுங்கள். அவர் மா குழைக்கவில்லை. வீச்சு ரொட்டியை மத்தியானமே வேறொருவர் வீசிச் சுட்டு அடுக்கிவிட்டார். கோழிக்கறி காலையிலிருந்து உள்ளே கொதித்தது. லீக்ஸ், கரட், வெங்காயம், பச்சை மிளகாய் எல்லாவற்றையும் ஒரு பையன் நறுக்கி வைத்திருக்கிறான். ஆனாலும் வாடிக்கையாளர் இந்த அண்ணனின் கைப்பக்குவத்தை நம்பித்தான் அந்தக் கடைக்கு வருகிறார்.

சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் படத்தொகுப்பாளர் நிற்கும் இடம் இதுதான். கதை இன்னொருவர் எழுதியது, ஒளிப்பதிவு இன்னொருவர் செய்தது, நடிப்பு வேறு பலருடையது. எல்லாம் வெந்து முடிந்த பிறகே அவர் கைக்கு வருகிறது. எதை எடுப்பது, எதை விடுவது, எதற்குப் பின் எதை வைப்பது, எவ்வளவு நேரம் வைப்பது ஆகிய நான்கு முடிவுகள்தான் அவருடைய வேலை. எடிட்டிங் என்றால் ஒரு மென்பொருளைக் கற்றுக்கொள்வது என்று பல பெற்றோரும் பிள்ளைகளும் எண்ணுகிறார்கள். தகடு பிடிக்கத் தெரிந்த எல்லோருக்கும் கொத்து வந்துவிடுவதில்லை. இந்தத் தொழிலைத் தாங்கி நிற்பது தீர்மானிக்கும் திறன். அது எப்படி வளர்கிறது என்பதைக் கொத்துக் கடையின் வழியாகவே படிப்படியாகப் பார்க்கலாம்.

ஓடர் என்ன?

முட்டைக் கொத்தா, கோழிக் கொத்தா? உறைப்பு எவ்வளவு? இங்கேயே சாப்பிடவா, பார்சலா? இவ்வளவையும் கேட்காமல் கல்லில் எண்ணெய் விழாது. எடிட்டரின் முதல் கேள்விகளும் இவைதான். ஒன்றரை நிமிடச் செய்தியா, அரை மணி நேர நாடகத்தின் ஓர் அத்தியாயமா, இரண்டு மணி நேரப் படமா? யார் பார்க்கப் போகிறார்கள்? கைத்தொலைபேசியிலா, தியேட்டரிலா?

சினிமா ஒரு விநாடிக்கு 24 படங்களாக ஓடுகிறது. பால் (PAL) முறையைப் பின்பற்றும் இலங்கைத் தொலைக்காட்சியில் ஒரு விநாடிக்கு 25 படங்கள். இந்த ஒற்றைப் படத்தைத்தான் ஃபிரேம் என்கிறோம். கூட்டிக் குறைக்கக் கையில் இருக்கும் மிகச் சிறிய அளவு அதுதான். நல்ல எடிட்டர் இரண்டு ஃபிரேம் கூடிவிட்டதா, மூன்று குறைந்துவிட்டதா என்று உடம்பாலேயே உணர்வார்.

நறுக்கி அடுக்கும் வேலை

கடையின் உள்ளே மரக்கறி நறுக்கும் பையனைப் போல எடிட்டிங் அறையில் ஓர் உதவியாளர் இருக்கிறார். தொழிலில் நுழைபவர் முதலில் உட்காரும் நாற்காலி அது. கேமராவிலிருந்து வரும் அட்டைகளைப் பிரதி எடுப்பது அவருடைய முதல் கடமை. மூன்று பிரதிகள், இரண்டு வெவ்வேறு வகைச் சேமிப்பு, அதில் ஒன்று வேறு கட்டடத்தில் என்பது உலகெங்கும் பின்பற்றப்படும் முறை. ஒரு ஹார்ட் டிஸ்க் விழுந்து உடைந்தால், திரும்ப நடத்த முடியாத ஒரு நாள் அதோடு போய்விடும்.

பிறகு ஒலியையும் படத்தையும் பொருத்த வேண்டும். பல படப்பிடிப்புகளில் ஒலி தனிக் கருவியில் பதிவாகிறது. காட்சியின் தொடக்கத்தில் தட்டும் கிளாப் பலகை எதற்கு என்று பலர் கேட்பதுண்டு. பலகை மூடும் அந்த ஒரு ஃபிரேமையும் 'டக்' என்ற சத்தத்தையும் ஒன்றாக வைத்தால் முழுக் காட்சியும் ஒலியோடு பொருந்திவிடும். பிறகு ஒவ்வொரு துண்டுக்கும் பெயர், காட்சி எண், எத்தனையாவது முறை எடுத்தது, இயக்குநருக்குப் பிடித்ததா என்ற குறிப்பு.

இதைச் சலிப்பூட்டும் வேலை என்று நினைப்பவர் மேலே போவது கடினம். இந்த நாற்காலியில்தான் ஒரே வசனத்தை ஒரு நடிகர் ஏழு விதமாகப் பேசுவதை முழுமையாகப் பார்க்கும் வாய்ப்புக் கிடைக்கிறது. எது உயிருள்ளது, எது உயிரற்றது என்று பிரிக்கும் கண் அங்கேதான் திறக்கிறது.

கல்லில் பரப்புதல்

அடுத்து, திரைக்கதை வரிசையில் எல்லாக் காட்சிகளையும் அடுக்கிப் பார்ப்பது. கல் நிறையப் பொருளைக் கொட்டியது போல இந்த முதல் அடுக்கு பெரிதாகவும் சுவையற்றும் இருக்கும். இதைப் பார்த்து மனம் சோர்ந்த இயக்குநர்கள் ஏராளம். பக்கத்தில் இருக்கும் எடிட்டருக்குத்தான் அந்த நேரத்தில் நிதானம் வேண்டும்.

கொட்டப்படுவது எவ்வளவு பெரிதாக இருக்கலாம் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு 1979இல் வெளிவந்த 'அபோகலிப்ஸ் நவ்'. அதன் எடிட்டர்களில் ஒருவரான வால்டர் மர்ச், தங்கள் கைக்கு 230 மணி நேரத்துக்கு மேற்பட்ட படச்சுருள் வந்ததாக எழுதியிருக்கிறார். திரையில் ஓடும் ஒவ்வொரு நிமிடத்துக்கும் வெளியே தெரியாமல் போனவை 95 நிமிடங்கள். எடிட்டரின் உழைப்பில் பெரும்பகுதி நாம் ஒருபோதும் பார்க்காத அந்த நிமிடங்களில்தான் செலவாகிறது. அவற்றைப் பார்த்து, நிறுத்து, வேண்டாம் என்று வைத்தவர் அவர்.

தாளம்

இப்போது தகடுகள் இறங்குகின்றன. கொத்து போடும் அண்ணனின் தாளம் வாடிக்கையாளரை அழைக்க மட்டும் எழுவதல்ல. ரொட்டி எந்த அளவில் சிதற வேண்டும், முட்டை எவ்வளவு பிடிக்க வேண்டும் என்பதை அந்த வேகமே தீர்மானிக்கிறது. அதிகம் கொத்தினால் களி. குறைத்தால் ரொட்டி தனி, கறி தனி.

படத்தில் ஒரு வெட்டு எங்கே விழ வேண்டும்? மர்ச் இதற்கு ஆறு அளவுகோல்களைச் சொல்லி, அவற்றுக்கு எடையும் கொடுத்தார். உணர்ச்சிக்கு 51 சதவீதம், கதைக்கு 23, தாளத்துக்கு 10, பார்ப்பவரின் கண் திரையில் எங்கே இருக்கிறது என்பதற்கு 7. திரையின் தட்டையான பரப்பில் வரும் ஒழுங்குக்கு 5, காட்சி நடக்கும் இடத்தின் தொடர்ச்சிக்கு 4. புதியவர்கள் அஞ்சும் பிழை கடைசியில் இருப்பது: முன் காட்சியில் கோப்பை வலது கையில் இருந்ததே, இப்போது இடது கையில் இருக்கிறதே! உணர்ச்சி சரியாக இருந்தால் கோப்பையை எவரும் கவனிக்க மாட்டார்கள் என்பதே மர்ச் சொல்வது. கொத்தில் ஒரு கரட் துண்டு பெரிதாக விழுந்ததற்காக யாரும் தட்டைத் திருப்பி அனுப்புவதில்லை. உப்பில்லை என்றால் அனுப்புவார்கள்.

எதற்குப் பக்கத்தில் எது என்பதன் வலிமையைச் சுமார் நூறு ஆண்டுகளுக்கு முன்பே ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் காட்டினார். நடிகர் ஒருவரின் சலனமற்ற ஒரே முகத்தை ஒரு சூப் கோப்பைக்குப் பக்கத்திலும், ஒரு சவப்பெட்டிக்குப் பக்கத்திலும், ஒரு பெண்ணுக்குப் பக்கத்திலும் வைத்தார். பார்ப்பவர் அதே முகத்தில் பசியையும் துயரையும் ஆசையையும் கண்டுகொள்வார் என்பதே அவர் கண்டது. வெறும் ரொட்டிக்கு எந்தக் கறி சேர்கிறதோ அந்தப் பெயர்தான் தட்டுக்கும்.

உரையாடல் காட்சியில் இன்னொரு நுட்பம் உண்டு. பேசுபவரின் படம் வருவதற்கு முன்பே அவருடைய குரலை வரவிடுவது ஜே கட். படம் மாறிய பிறகும் முன்னவரின் குரலைத் தொடரவிடுவது எல் கட். மகள் பேசும்போது தாயின் முகத்தைக் காட்டினால், சொல்லும் சொல்லோடு அது விழும் இடமும் தெரிகிறது. தொலைக்காட்சி நாடகத்தின் தரம் பல நேரம் இந்த ஒன்றிலேயே ஏறி இறங்குகிறது. பேசுபவரையே மாறி மாறிக் காட்டும் நாடகம் விரைவில் சலித்துவிடும்.

வேறு வேறு அடுப்பில் வெந்தது

வேறு வேறு இடங்களில் எடுத்ததை ஒன்றாகக் காட்டும் வித்தைக்கு நல்ல சான்று கண்டிக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. 1984இல் வந்த 'இந்தியானா ஜோன்ஸ் அண்ட் த டெம்பிள் ஆஃப் டூம்' படத்தின் கயிற்றுப் பாலக் காட்சி, அப்போது கட்டப்பட்டுக்கொண்டிருந்த விக்டோரியா அணைக்குப் பக்கத்தில் எடுக்கப்பட்டது. பாலம் அறுந்து விழுவது ஒரே முறைதான் நடக்க முடியும். அதனால் பல கேமராக்கள் வைத்து, கையும் காலும் உதறும் பொம்மைகளைப் பாலத்தில் நிறுத்திப் படம்பிடித்தார்கள். அறுந்த பாலத்தைப் பிடித்துக்கொண்டு நடிகர்கள் தொங்கும் நெருக்கமான காட்சிகள் இங்கிலாந்தின் எல்ஸ்ட்ரீ ஸ்டூடியோவில் எடுக்கப்பட்டவை. கீழே ஆற்றில் வாய் பிளக்கும் முதலைகளைப் படம்பிடித்தது அமெரிக்காவின் ஃபுளோரிடாவில். எடிட்டர் மைக்கேல் கான் இவற்றைச் சேர்த்தபோது, பார்ப்பவருக்கு அது ஒரே பள்ளத்தாக்கு, ஒரே மூச்சு. நம் மஹாவலிக் கரையும் ஃபுளோரிடா முதலையும் ஒரே தட்டில் சேர்ந்தது வெட்டின் கணக்கால்தான்.

இதற்கு முன்பே கித்துல்கலயில், களனி ஆற்றின் மேல் மரப்பாலம் கட்டி ரயிலோடு தகர்த்தார் டேவிட் லீன். 1957இல் வந்த 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' அது. அந்தப் படத்துக்காக எடிட்டர் பீட்டர் டெய்லர் ஆஸ்கார் விருது பெற்றார். லீன் தாமே எடிட்டராக இருந்து இயக்குநரானவர் என்பதை இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா, பள்ளிப் பருவத்தில் இந்தப் படப்பிடிப்பைப் பார்த்ததுதான் தன்னைச் சினிமாவுக்கு இழுத்தது என்று பின்னாளில் சொன்னார். ஒளிப்பதிவாளராகப் புகழ்பெற்ற அவர், 'வீடு' உள்ளிட்ட தம் படங்கள் பலவற்றைத் தாமே தொகுத்தார்.

குழம்பு ஊற்றும் நேரம்

குழம்பை முதலிலேயே ஊற்றினால் ரொட்டி ஊறிக் கெட்டுவிடும். கடைசியில் ஊற்றினால் உள்ளே இறங்காது. இசைக்கும் இதே கணக்கு. காட்சி தன் காலில் நிற்கிறதா என்று இசையில்லாமல் பார்த்துவிட்டே நல்ல எடிட்டர் இசைக்கு இடம் ஒதுக்குவார். வேறொரு படத்தின் பாட்டைத் தற்காலிகமாகப் போட்டு வெட்டினால் காட்சி நன்றாக இருப்பதாகத் தோன்றும். எடுத்துவிட்டால் உள்ளே ஒன்றுமில்லை என்று தெரியும்.

வெட்டுகள் முடிந்து, இனி ஒரு ஃபிரேமும் மாறாது என்று எல்லோரும் ஒப்புக்கொள்ளும் கட்டம் 'பிக்சர் லாக்'. அதன் பிறகே ஒலிக்கலவை, நிறச் சீரமைப்பு, எழுத்துகள், வசன வரிகள். இலங்கையில் சிங்களப் படத்துக்குத் தமிழ் வரியும் தமிழ்ப் படத்துக்குச் சிங்கள வரியும் தேவைப்படுவதால், வரிகளை வாசித்து முடிக்கும் நேரத்தையும் எடிட்டர் முன்கூட்டியே எண்ணிக்கொள்வது நல்லது.

உவமை நின்றுபோகும் இடம்

கல்லில் கொத்தியதைத் திரும்ப ரொட்டியாக்க முடியாது. இன்றைய கணினியில் எந்த வெட்டையும் ஒரு பொத்தானால் மீட்டுவிடலாம். படச்சுருள் காலத்தில் அந்த வசதி இல்லை. மூவியோலா, ஸ்டீன்பெக் போன்ற கருவிகளில் சுருளை ஓட்டிப் பார்த்து, பிரதியைக் கையால் வெட்டி, நாடாவால் ஒட்டினார்கள். தவறினால் ஒட்டைப் பிரித்து மீண்டும் ஒட்ட வேண்டும். அதனால் வெட்டுவதற்கு முன் நெடுநேரம் யோசிக்கும் பழக்கம் அந்தத் தலைமுறைக்கு இருந்தது.

நம் நாட்டில் அந்த மேசையில் உட்கார்ந்தவர்களில் இருவரை ஒவ்வொரு மாணவரும் அறிந்திருக்க வேண்டும். ஒருவர் டைட்டஸ் தொட்டவத்த. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' (1956) படத்தைத் தொகுத்த அவர், 1982இல் ரூபவாஹினி தொடங்கிய பிறகு அங்கே வெளிநாட்டு நிகழ்ச்சிகளுக்குச் சிங்களக் குரல் கொடுக்கும் பிரிவை வளர்த்தெடுத்தார். திரைப்பட மேசையில் பழகிய காதும் கண்ணும் தொலைக்காட்சிக்கு எப்படி இடம்பெயர்ந்தன என்பதற்கு அவர் வாழ்க்கையே பாடம். மற்றவர் சுமித்ரா பீரிஸ். லண்டனில் திரைக்கலை படித்துத் திரும்பி, 'கம்பெரலிய' (1963) படத்தைத் தொகுத்தார். அந்தப் படம் 1965இல் புதுடில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்க மயில் விருதை வென்றது. பல படங்களைத் தொகுத்த பின் 1978இல் 'கெஹெனு லமய்' மூலம் இயக்குநரானார். எடிட்டிங் மேசை கதை சொல்லவும் கற்றுத்தரும் என்பதற்கு அவரைவிடச் சிறந்த சாட்சி இந்த நாட்டில் இல்லை.

கணினிக்கு மாறிய திருப்பத்திலும் இலங்கையின் ஒரு தொடர்பு இருக்கிறது. 'த இங்கிலீஷ் பேஷண்ட்' (1996) படத்துக்காக மர்ச் பெற்றதுதான், கணினியில் தொகுத்த படத்துக்குக் கிடைத்த முதல் எடிட்டிங் ஆஸ்கார். அதன் மூலநாவலை எழுதிய மைக்கேல் ஒண்டாச்சி கொழும்பில் பிறந்தவர். பிறகு மர்ச்சுடன் நீண்ட உரையாடல்கள் நடத்தி, 2002இல் அவற்றை நூலாக்கினார். படத்தொகுப்பு பற்றி வாசிக்க விரும்புவோருக்கு அது அருமையான வாசல்.

கல்லுக்கு முன்னால் வரும் பாதை

நறுக்கும் பையன் ஒருநாள் கல்லுக்கு வருகிறான். எடிட்டிங்கிலும் உதவியாளர், துணை எடிட்டர், எடிட்டர் என்பதே வழக்கமான ஏறுவரிசை. தமிழ்நாட்டில் இந்தக் கைமாற்றம் தெளிவாகத் தெரிகிறது. கிருஷ்ணன்–பஞ்சு இயக்குநர் இரட்டையரில் பஞ்சு படங்களைத் தொகுத்தும் வந்தவர். அவர்களிடம் எடிட்டிங் உதவியாளராகச் சேர்ந்தவர் ஏ. பீம்சிங். பீம்சிங்கின் மகன் பி. லெனின், வி.டி. விஜயனோடு சேர்ந்து தமிழ்ப் படத்தொகுப்பின் முக்கியப் பெயரானார். ஏ. ஸ்ரீகர் பிரசாத்தும் எடிட்டரான தந்தையிடமே தொழில் கற்றார். இலங்கைப் போரைப் பின்னணியாகக் கொண்ட 'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) படத்தின் தொகுப்புக்கு அவர் தேசிய விருது பெற்றார்.

தந்தையின் மேசை கிடைக்காத பிள்ளை என்ன செய்வது? மஹய்யாவயில் வளரும் பெரும்பாலோரின் கேள்வி இதுதான். நேர்மையான பதில்: கைமாற்றத்துக்கு ஈடாக மூன்றைத் தேடிக்கொள்ள வேண்டும். முதலாவது முறையான பயிற்சி. கொழும்பில் இலங்கைத் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. இந்தியாவில் புனே திரைப்பட நிறுவனமும் சென்னை தரமணியின் எம்.ஜி.ஆர். அரசு நிறுவனமும் இருக்கின்றன. இரண்டாவது, சின்ன வேலைகள். கல்யாணம், சாமத்தியச் சடங்கு, கோயில் திருவிழா வீடியோக்களைத் தாழ்வாக எண்ணக் கூடாது. ஆறு மணி நேரச் சடங்கைப் பத்து நிமிடமாக்கி அந்தக் குடும்பத்தைக் கண் கலங்க வைப்பவர், உணர்ச்சிக்குக் கொடுத்த அந்த 51 சதவீதத்தை ஏற்கெனவே கற்றுவிட்டார். மூன்றாவது, தம் வேலையைப் பார்த்துத் தயக்கமின்றிக் குறை சொல்லும் ஒரு மூத்தவர்.

தொலைக்காட்சிக்குப் போனால் வேகம் கூடும். ரூபவாஹினி, நேத்ரா, சக்தி, வசந்தம் போன்ற அலைவரிசைகளில் செய்தி அறை, நாடகப் பிரிவு, முன்னோட்டத் துண்டுகள் என்று வேலைகள் பிரிந்திருக்கும். செய்தியில் நேரம்தான் எஜமான். மாலைச் செய்திக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது வரும் படத்தைத் தவறின்றி வெட்ட வேண்டும். அங்கே அறமும் வெட்டில்தான் இருக்கிறது. ஒருவர் சொன்ன வாக்கியத்தின் பாதியை மட்டும் வைத்தால் அவர் சொல்லாததைச் சொன்னதாகிவிடும். எசல பெரஹரா நேரடி ஒளிபரப்பிலோ தொகுப்பு அந்த நொடியிலேயே நடக்கிறது. பல கேமராக்களின் படங்களைப் பார்த்து எதை அனுப்புவது என்று விஷன் மிக்சர் மேசையில் தீர்மானிக்கிறார்கள். அனுப்பியதைத் திரும்ப அழைக்க முடியாது.

தனியாக வேலை செய்பவர் சில வழக்கங்களைத் தொடக்கத்திலேயே பிடித்துக்கொள்ள வேண்டும். முற்பணம் வாங்குங்கள். எத்தனை முறை திருத்தம் செய்து தருவீர்கள் என்று எழுதி வையுங்கள். படத்தில் உங்கள் பெயர் வர வேண்டும் என்று முன்பே பேசுங்கள். இரவைப் பகலாக்கும் தொழில் இது. கண், முதுகு, தூக்கம் மூன்றையும் காக்காதவர் நீண்ட நாள் நிலைக்க மாட்டார்.

இன்றே தொடங்க ஒரு வேலை

டாவின்சி ரிசோல்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பே கற்றுக்கொள்ளப் போதும். உங்கள் வீட்டிலோ அயலிலோ உள்ள ஒரு பாட்டியிடம், 1964 ஸ்ரீமா–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு யார் யார் இந்தியாவுக்குப் போனார்கள், யார் இங்கே தங்கினார்கள் என்று கேட்டு, கைத்தொலைபேசியில் ஒரு மணி நேரம் பதிவு செய்யுங்கள். அவர் கைகள், அடுப்படி, சுவரில் தொங்கும் படம், வீட்டு வாசல் ஆகியவற்றைத் தனித்தனியே எடுங்கள். அதை முதலில் பத்து நிமிடமாக வெட்டுங்கள். பிறகு மூன்று நிமிடமாக. பிறகு அவர் பேச்சை ஒரு வார்த்தையும் மாற்றாமல், படங்களின் வரிசையை மட்டும் மாற்றி இன்னொரு முறை வெட்டுங்கள். மூன்றையும் அவருக்கே போட்டுக் காட்டி, தான் சொன்னது எதில் இருக்கிறது என்று கேளுங்கள்.

மலையகத் தமிழரின் நினைவுகள் இன்று எத்தனையோ தொலைபேசிகளில் வெட்டப்படாத நீளப் பதிவுகளாகக் கிடக்கின்றன. பதிவு செய்தவர்கள் தங்கள் பங்கைச் செய்துவிட்டார்கள். அவற்றை மற்றவர் உட்கார்ந்து பார்க்கும் படமாக்க எடிட்டர்கள் வேண்டும். பேசுபவரின் மொழியையும் மௌனத்தையும் அறிந்த எடிட்டர்கள் நம் இடங்களிலிருந்தே வர வேண்டும். எந்த மௌனத்தை வெட்டக் கூடாது என்று அவர்களுக்குத்தான் தெரியும்.